லேப் அக்கா வரைந்த ஒன்பது கைகள்

என் மடியில் ஒரு வரைபடத்தாள். அதில் பென்சிலால் இழுத்த ஓர் ஆணின் வலது கை. ஐந்து விரல்களும் விரிந்து கிடந்தன. ஆள்காட்டி விரலிலும் மோதிர விரலிலும் மட்டும் சிவப்பு மையில் கோடு, பக்கத்தில் மில்லிமீட்டரில் அளவு. அதுவும் ஒரு தடவை அல்ல, மூன்று தடவை அளந்து எழுதியது. விழுப்புரத்திலிருந்து திண்டிவனம் போகும் காலை பாசஞ்சரில், பெண்கள் பெட்டியில், எங்கள் பள்ளியின் ஆய்வக உதவியாளர் அந்தத் தாளை என் மடியில் விரித்துவிட்டு, "எம்புள்ள கையி டீச்சர். நீங்க சொன்ன மாரியேதான் அளந்துக்கினு வந்திருக்கேன். பாத்து சொல்லுங்க" என்றார். நான் என்ன சொன்னேன், எப்போது சொன்னேன் என்று எனக்கு உடனே ஞாபகம் வரவில்லை. மெதுவாகத்தான் வந்தது. இது நடந்து சில வருடங்கள் ஆகிவிட்டன. இப்போது நினைத்தாலும் முதலில் வெட்கம்தான் வருகிறது, சிரிப்பு அப்புறம்தான்.

பள்ளியில் எல்லாருக்கும் அவர் லேப் அக்கா. தலைமையாசிரியர்கூட அப்படித்தான் கூப்பிடுவார். கணவர் பணியில் இருக்கும்போதே இறந்துபோனதால் அவருக்குக் கிடைத்த வேலை அது. அப்போது பையன் ஆறாம் வகுப்பு; ஒரே பையன். நான் விலங்கியல் ஆசிரியை. இருவரும் விழுப்புரத்துக்காரர்கள் என்பதால் வருடக்கணக்காக ஒரே ரயில், ஒரே பெட்டி, அதிர்ஷ்டம் இருந்தால் எதிரெதிர் ஜன்னல். அக்காவிடம் இரண்டு குணங்கள் உண்டு. எதையும் ஒரு முறை அளந்து நம்பமாட்டார். "ஒரு வாட்டி ஸ்கேல் பொய் சொல்லும், மூணு வாட்டியும் சொல்லுமா?" என்பார். இன்னொன்று, ஆய்வகத்தில் பீக்கர் உடைந்தால் உடைத்தது எந்த மாணவனாக இருந்தாலும் முதலில் "சாரி டீச்சர்" சொல்வது அவர்தான். "எங்கிட்ட இருக்கசொல்ல உடைஞ்சிது, அப்ப எம்மேலதான் தப்பு" என்று வாதம் வேறு செய்வார். பள்ளிக்கு நல்ல குணம். தாய்க்கு இது எவ்வளவு பொல்லாத குணம் என்று எனக்கு அப்போது தெரியாது.

நான் செய்த காரியத்தையும் சொல்லிவிடுகிறேன். பன்னிரண்டாம் வகுப்புக்கு ஆய்வகத்தில் வைத்து மனிதர்களுக்குள் இருக்கும் வேறுபாடுகளைப் பற்றி நடத்திக்கொண்டிருந்தேன். உயரம், காது மடல் என்று போய்க்கொண்டிருந்தது. பிள்ளைகள் கொட்டாவி விட்டார்கள். எனக்கோ வகுப்பில் யாராவது கொட்டாவி விட்டால் தாங்காது. உடனே பாடத்தில் இல்லாத சரக்கை அவிழ்த்துவிடுவேன். அன்றைக்கு விரல்களைப் பிடித்துக்கொண்டேன். "உங்க ஆள்காட்டி விரலையும் மோதிர விரலையும் அளந்து பாருங்க. ஆண்களுக்குப் பொதுவா மோதிர விரல்தான் கொஞ்சம் நீளமா இருக்குமாம். நீங்க அம்மா வயித்துல இருந்தப்ப ஹார்மோன் எவ்வளவு வேலை செஞ்சுதுங்கறதுக்கு அது ஒரு தடயம்னு சொல்றாங்க. பெரியவங்களானதும் நம்ம மனசு ஆண் மேல போகுமா பெண் மேல போகுமாங்கறதுலகூட அந்த ஹார்மோனுக்குப் பங்கு இருக்கலாமாம்" என்றேன். கொட்டாவி நின்றது. ஸ்கேல்கள் வெளியே வந்தன. ஒரே கூச்சல், சிரிப்பு. எனக்குப் பெருமை தாங்கவில்லை. பின்னால் தொட்டியடியில் சோதனைக்குழாய்களைக் கழுவிக்கொண்டிருந்த அக்கா தண்ணீர்க் குழாயை மூடிவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்ததை நான் கவனிக்கவே இல்லை.

மயிலம் தாண்டுவதற்குள் அக்கா முழுவதையும் சொல்லி முடித்தார். பையன் சென்னையில் ஒரு கம்பெனியில் வேலை பார்க்கிறான். போன தீபாவளிக்கு வந்தவன், தோசை சாப்பிட்டுக்கொண்டே அம்மாவிடம் சொல்லிவிட்டானாம். தனக்குப் பெண்கள்மேல் மனம் போகவில்லை, ஓர் ஆண் நண்பரோடுதான் வாழ்கிறேன், பெண் பார்க்க வேண்டாம் என்று. "நீங்க இன்னா சொன்னீங்க அக்கா?" என்றேன் பதற்றத்தில், நானும் அவர் பாணியிலேயே. "இன்னா சொல்றது? இன்னொரு தோசை போட்டேன். அது பிஞ்சி போச்சி. எம்புள்ள எனக்கு எம்புள்ளதான்னு மனசு சொல்லிச்சி டீச்சர். நெசமாவே தேறிக்கினேன்" என்றார். அப்படித் தேறிக்கொண்டிருந்தவர் காதில்தான் என் வகுப்பு விழுந்திருக்கிறது.

அவருக்கு வேறு ஒன்று ஞாபகம் வந்துவிட்டது. இந்தப் பிள்ளைக்கு முன்னால் இரண்டு கரு நிற்காமல் போனதாம். இவன் வயிற்றில் இருக்கும்போதும் மூன்றாம் மாதம் ரத்தம் பட, கரு தங்குவதற்கென்று வாராவாரம் ஊசி போட்டுக்கொண்டிருக்கிறார். அது ஹார்மோன் ஊசி என்று அப்போதே டாக்டரம்மா சொல்லியிருக்கிறார். ஊசியையும் விரலையும் அக்கா முடிச்சுப் போட்டுவிட்டார். பொங்கலுக்கு வந்த பையனிடம், மோதிரம் செய்யப் போகிறேன், ஆசாரி அளவு கேட்கிறார் என்று சொல்லிக் கையைத் தாளில் வைக்கச் சொல்லி வரைந்திருக்கிறார். எந்த ஆசாரி ஐந்து விரலையும் கேட்பான் என்று அவன் கேட்காதது ஆச்சரியம். அளந்து பார்த்தால் இரண்டு விரலும் ஏறக்குறைய சமம். உடனே உட்கார்ந்து ஓவென்று அழுதுவிட்டார். "எல்லாம் என்னாலதான்டா, என்ன மன்னிச்சிடுடா, நான் ஊசி போட்டுக்கினதாலதான் நீ இப்படி ஆயிட்ட" என்று பையன் காலைப் பிடிக்காத குறை. அவன் ஒன்றே ஒன்று கேட்டானாம்: "சாரி சொல்றதுக்கு நான் என்ன நீ உடைச்ச பீக்கராம்மா?" மாட்டுப் பொங்கலுக்குக்கூட இருக்காமல் பையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டான். அதிலிருந்து போன் எடுப்பதில்லை.

"மூணு வாரம் ஆவுது டீச்சர். நல்லா இருக்கேன்னு வாரத்துக்கு ஒரு மெசேஜ். அவ்வளவுதான். எனக்கு இருக்கறது அவன் ஒருத்தன். ஊசியாலயா இல்லயா, நீங்க ஒரு வார்த்த சொல்லிட்டா அவன்கிட்ட போய் நிப்பேன்" என்றார் அக்கா. நான் ஒரு வார்த்தை சொன்னேனா? திண்டிவனம் வரும்வரை முந்நூறு வார்த்தை சொன்னேன். ஆய்வாளர்கள் கூட்டம் கூட்டமாக ஆட்களைப் பார்த்துத்தான் சொல்கிறார்கள், வித்தியாசம் மிகச் சிறியது, அது சராசரியில் தெரிவது, தனி ஒருவரைப் பற்றி அதில் ஒன்றும் சொல்ல முடியாது, காரணம் ஒன்று இல்லை பலவாக இருக்கலாம் என்று அடுக்கினேன். எல்லாம் சரியான தகவல்தான். அக்கா பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எனக்கு ஒரே புள்ள டீச்சர். நான் எங்கேருந்து சராசரி எடுக்கறது?" என்று தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். அன்று முழுவதும் எனக்குச் சோறு இறங்கவில்லை. பிள்ளைகளின் கொட்டாவியை நிறுத்துவதற்காக ஒரு வீட்டின் பேச்சுவார்த்தையையே நிறுத்திவிட்டேனே என்று என்னை நானே திட்டிக்கொண்டேன்.

அடுத்த வாரம் பள்ளியில் ஒரு விநோதம் நடந்தது. அக்கா வரைபடத்தாளும் பென்சிலுமாக ஆண்களைத் துரத்திக்கொண்டிருந்தார். ஆய்வகத்துக்குக் கையுறை வாங்க வேண்டும், அளவு வேண்டும் என்று தலைமையாசிரியர் மேசையிலேயே அவர் கையை வைத்து வரைந்தார். விளையாட்டு ஆசிரியர், வாட்ச்மேன், கணக்கு சார், கிளார்க், எதிர் டீக்கடைக்காரர், யாரையும் விடவில்லை. வாட்ச்மேனுக்கு எதற்கு ஆய்வகக் கையுறை என்று தலைமையாசிரியர் என்னிடம் கேட்டார். பாம்பு வந்தால் பிடிக்க என்று வாய்க்கு வந்ததைச் சொல்லிவைத்தேன்.

வெள்ளிக்கிழமை மாலை, திரும்பி வரும் ரயிலில், அக்கா ஒன்பது தாள்களை எடுத்து என் முன்னால் சீட்டுக்கட்டு மாதிரி பரப்பினார். ஒன்றிலும் முன்பக்கம் பெயர் இல்லை. "இதுல ஒண்ணு எம்புள்ள கையி. எதுன்னு சொல்லுங்க" என்றார். அவனுடைய தாளையும் சிவப்புக் கோடு இல்லாமல் புதிதாகப் பிரதி எடுத்திருந்தார். நான் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, ஸ்கேலை வாங்கி, எம்.எஸ்ஸி., எம்.எட். முழுவதையும் முகத்தில் காட்டி ஒவ்வொன்றாக அளந்தேன். பக்கத்தில் மல்லாட்டை என்று எங்கள் பக்கம் சொல்லும் வேர்க்கடலையை உரித்துக்கொண்டிருந்த இரண்டு பெண்களும் எட்டிப் பார்த்தார்கள். கடைசியில் ஒரு தாளை எடுத்து, "சந்தேகமே இல்ல அக்கா, இதுதான்" என்றேன். அக்கா அதை மெதுவாகத் திருப்பினார். பின்பக்கம் பென்சிலில் எழுதியிருந்தது: டீச்சர் வீட்டுக்காரர்.

தினமும் காலையில் என்னை ஸ்டேஷனில் வண்டியில் கொண்டுவந்து விடுபவர் என் கணவர். நான் தண்ணீர் பாட்டில் வாங்கப் போன நேரத்தில் பிளாட்பார பெஞ்சிலேயே அவர் கையை வரைந்திருக்கிறார் அக்கா. இந்த மனிதரும் என்னிடம் மூச்சு விடவில்லை. "இருவது வருஷத்துக்கு மேல குடித்தனம் பண்ண கையி டீச்சர்! அதயே உங்களுக்கு அடையாளம் தெரியல. இதுல எம்புள்ள மனசு தெரியுதுன்னு நான் உக்காந்து அழுதிருக்கேன் பாருங்க!" என்று அக்கா சிரிக்க ஆரம்பித்தார். சிரிப்பு என்றால் அப்படி ஒரு சிரிப்பு. கண்ணில் தண்ணீர் வர, முந்தானையால் துடைத்துத் துடைத்துச் சிரித்தார். எனக்கும் அடக்க முடியவில்லை. மல்லாட்டைக்காரப் பெண்கள் விஷயம் தெரியாமலே கூடச் சிரித்தார்கள். இன்றைக்கும் அந்த வேறுபாடுகள் பாடத்தை நடத்துகிறேன். கொட்டாவி விட்டால் விடட்டும் என்று இருந்துவிடுகிறேன். யாராவது மாணவி எங்கேயோ படித்துவிட்டு விரல்களைப் பற்றிக் கேட்டால், அதை வைத்து எதிரே நிற்கும் ஒருவரைச் சொல்ல முடியாதம்மா, நான் முயன்று தோற்றவள் என்று மட்டும் சொல்கிறேன். அக்கா ஓய்வு பெற்றுவிட்டதால் பின்னால் தொட்டியடியில் வேறு ஒருவர் நிற்கிறார். இருந்தாலும் பேசுவதற்கு முன் அந்தப் பக்கம் ஒரு தடவை பார்த்துக்கொள்கிறேன்.

அன்று ரயிலில் சிரிப்பு அடங்கியதும் அக்கா தாள்களை அடுக்கினார். "சரி, கை சமாச்சாரத்த வுடுங்க. ஊசி?" என்றார். இந்த முறை நான் பாடம் நடத்தவில்லை. "தெரியாது அக்கா. அதனாலதான்னு சொல்ல ஆதாரம் இல்ல. இல்லவே இல்லன்னு அடிச்சுச் சொல்ல எனக்குப் படிப்பு பத்தாது. ஒண்ணு மட்டும் தெரியும். ஆண் குழந்தைக்குன்னு இருக்கற ஹார்மோனைப் பெரும்பாலும் அந்தக் குழந்தையோட உடம்பேதான் உள்ள இருந்து சுரக்குது" என்றேன். அக்கா கண்ணை அகலத் திறந்தார். "அட, அப்ப வவுத்துக்குள்ளயே அவன் வேலய அவனே பாத்துக்கினானா? எங்கிட்ட ஒரு வார்த்த கேக்கல பாரேன்!" என்றார்.

பேரணி ஸ்டேஷன் போனது. அக்கா ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, என்னிடம் சொல்வதுபோல் அல்லாமல், "ஊசியாலதான்னே வெச்சிக்குவோம். அப்பவும் இன்னா? அது போட்டுக்கினதாலதான அவன் தங்கனான்னு நான் நம்பிக்கினு இருக்கேன். நாளைக்கே அந்த மூணாம் மாசம் திரும்பி வந்தா போட்டுக்க மாட்டனா? ஜல்தியா ஓடிப்போயி வரிசையில மொத ஆளா நிப்பேன்" என்றார். சொல்லிவிட்டு அவரே திடுக்கிட்டுப் போனார். "ஐய, டீச்சர், அப்ப நான் எதுக்கு மன்னிப்பு கேட்டேன்?" என்று என்னைப் பார்த்தார்.

போனை எடுத்தார். மகன் எடுக்கவில்லை. உடனே வாட்ஸப்பில் குரல் பதிவு போட ஆரம்பித்தார். ரயில் சத்தத்துக்கு மேலே கத்த வேண்டியிருந்ததால் பெட்டி முழுக்கக் கேட்டது. "டேய், அம்மாதான்டா. பொங்கலுக்கு உங்கிட்ட சாரி கேட்டேன் இல்ல, அத வாபஸ் வாங்கிக்கிறேன். நான் ஒண்ணும் தப்பு பண்ணல. நீயும் தப்பா பொறக்கல. ஊசி போட்டுக்கினது நீ வேணும்னு. இப்பவும் நீதான் வேணும். இப்படியே வேணும். மன்னிப்பெல்லாம் கெடையாது, போடா!" பட்டென்று அனுப்பிவிட்டு, சண்டை போட்டு முடித்தவர் போல மூச்சு வாங்க உட்கார்ந்தார். எதிர் சீட்டுப் பெண் எதுவும் கேட்காமல் ஒரு கை மல்லாட்டையை அள்ளி அவர் மடியில் வைத்தாள்.

விக்கிரவாண்டியில் இரண்டு நீல டிக் வந்தது. அதற்குப் பிறகு ஒன்றும் வரவில்லை. அக்கா போனை மடியில் குப்புற வைப்பதும் திருப்பிப் பார்ப்பதுமாக இருந்தார். ஒரு மல்லாட்டையைக்கூட உடைக்கவில்லை. முண்டியம்பாக்கத்தில் வண்டி நின்றபோது போன் அடித்தது. அக்கா பச்சை பட்டனை மூன்று தடவை தவறவிட்டார்; நான்தான் இழுத்துக் கொடுத்தேன். அந்தப் பக்கம் பையன் என்ன சொன்னான் என்று எனக்குக் கேட்கவில்லை. நீளமாக ஏதோ சொல்லிக்கொண்டிருந்தான். அக்கா "ம்... ம்..." என்றார். "அழுவலடா, காத்து" என்றார். பிறகு சட்டென்று முதுகை நிமிர்த்தி, "ஞாயித்துக்கெழமையா? ரெண்டு பேருமா?" என்றார். என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். எனக்கு வலித்தது, விடுவித்துக்கொள்ளவில்லை. அவருக்கு இப்போது வேறு பதற்றம் பிடித்துக்கொண்டது. "இரு, இரு, வெச்சிடாத. மீனு வாங்கட்டுமா, கறி எடுக்கட்டுமா? அந்தப் புள்ளைக்கு காரம் ஆவுமா? முள்ளு எடுத்து சாப்பிடத் தெரியுமா அதுக்கு? தெரியலன்னா பரவால்லடா, நான் எடுத்துக் குடுக்கறேன்."