முதல் செயலாளருக்கு என்ன பிடிக்கும்?

சோவியத் நாட்டின் லோபுஹோவ் மாவட்டத்துக்குக் கம்யூனிஸ்ட் கட்சியின் முதல் செயலாளர்கள் வருவார்கள், போவார்கள். ஆர்ஹிப் லூகிச் மட்டும் அப்படியே இருந்தார். பதினெட்டு வருடமாக முதல் செயலாளரின் கறுப்புக் காரை ஓட்டியவர் அவர்தான். எப்பேர்ப்பட்ட குளிரிலும் அந்தக் கார் வழியில் நின்றதாகச் சரித்திரம் இல்லை. அதைச் சொல்லும்போது மனிதருக்கு மார்பு இரண்டு அங்குலம் விரியும். சொல்லிக்கொள்ள அவருக்கு வேறு பெருமையும் கிடையாது, பாவம்.

முதல் செயலாளருக்கு எது பிடிக்குமோ அது மாவட்டத்துக்கே பிடித்தாக வேண்டும். யாரும் உத்தரவு போடுவதில்லை. போட்டிருந்தாலாவது தப்பிக்க வழி தேடியிருப்போம். ஆர்ஹிப் பார்த்த முதல் ஆள் வேட்டைப் பிரியர். கண்ணாடி போட்டும் கண் தெரியாத கல்வி அதிகாரிகூட ஒரு துப்பாக்கி வாங்கி, கால்நடை மருத்துவரின் தொப்பியைச் சுட்டுத் தள்ளினார். அடுத்தவருக்குச் சதுரங்கம். தானியக் கிடங்கின் தலைவர் த்ரிஃபோன் சாவிச், ஆடக் கற்றுக்கொள்ள ஒரு மாதமும், சந்தேகம் வராமல் தோற்கக் கற்றுக்கொள்ள ஆறு மாதமும் எடுத்துக்கொண்டார். மூன்றாமவர் கைப்பந்து ஆடினார். அவர் மாற்றலாகிப் போனபோது, மாவட்ட அலுவலகங்களில் ஒழுங்காக நிமிரக்கூடிய இடுப்பு இரண்டோ மூன்றோதான் பாக்கி.

எழுபத்தொன்பதாம் வருடம் ஜனவரியில் நான்காமவர் வந்தார். பெயர் வலேரியான் எஃபிமொவிச். ரயிலில் ஒற்றைப் பெட்டியோடு இறங்கினார். கைகுலுக்கினார், காரில் ஏறினார், இரண்டு வாரம் எதுவும் பேசவில்லை. துப்பாக்கி இல்லை, சதுரங்கப் பலகை இல்லை, பந்தும் இல்லை. மாவட்டம் திகைத்துப் போய்விட்டது.

எல்லோரையும்விட அதிகம் கலங்கியவர் ஆர்ஹிப்தான். புதிதாக வருகிறவர் பழைய ஊரிலிருந்து தன் காரோட்டியைக் கூட்டி வருவதும் உண்டு. இவர் இன்னும் கூட்டி வரவில்லை, அவ்வளவுதான். ஓய்வூதியத்துக்கு இன்னும் பதினொரு மாதம் இருந்தது.

"உன்னய எறக்கிவிட்டா மரம் ஏத்துற லாரிதான் குடுப்பாங்க," என்றாள் மனைவி பெலகேயா, முட்டைக்கோஸ் சூப்பை அவர் முன்னால் நகர்த்தியபடி. "உன் இடுப்பு மர லாரிக்கு ரெண்டு நாள் தாங்காது. அந்த மனுஷன்கிட்ட வாயத் தொறந்து ஏதாவது பேசேன்யா."

"அவரு தொறந்தாத்தானே நான் தொறக்க முடியும்? ரெண்டு வாரமா அவரு தலையத்தான் கண்ணாடியில பாக்கறேன். தலை பேச மாட்டேங்குது."

மறுநாள் த்ரிஃபோன் சாவிச் புகையில் வாட்டிய மீன் ஒன்றைச் செய்தித்தாளில் சுற்றி எடுத்துக்கொண்டு கார் கொட்டகைக்கு வந்தார்.

"ஆர்ஹிப், நம்ம பழக்கம் இன்னிக்கு நேத்தா? சொல்லு. பெரியவருக்கு என்ன பிடிக்கும்?"

"ஒண்ணும் சொல்லலியே."

த்ரிஃபோன் சாவிச் மீனை மெல்லத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "அப்ப ஊர்ல பேசிக்கிறது நெசம்தான் போல. அவரோட சொந்த ஆளு அடுத்த மாசம் வரானாம். உன்கிட்ட எதுக்குப் பேசப் போறாரு?"

 செல்வாக்கு போய்விட்டது என்று ஊர் நம்பிவிட்டால் அப்புறம் அது தானாகவே போய்விடும். ஆர்ஹிப் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். கீழே உறைந்துகிடந்த ஆற்றில் ஒருத்தி பனியை உடைத்துத் துணி அலசிக்கொண்டிருந்தாள்.

"குளிப்பாரு," என்றார் ஆர்ஹிப். "பனியில குழி வெட்டி. தெனமும் காலையில. இங்க எந்த எடம் தோதுன்னு என்கிட்டத்தான் கேட்டுக்கிட்டு இருக்காரு."

மீன் கைமாறியது.

செய்தி பரவ அரை நாள்கூட ஆகவில்லை. பிரச்சாரப் பிரிவின் தலைவி ரிம்மா ஒசிப்பொவ்னா எந்த விஷயத்தையும் அரைகுறையாகச் செய்யத் தெரியாதவர். ஆற்றின் நடுவில் ஆறு மீட்டர் நீளக் குழி வெட்டவைத்தார். மரப்படி, கைப்பிடி, சிவப்புத் துணியில் வெள்ளை எழுத்தில் ஒரு முழக்கம். யார் பின்னால் யார் இறங்குவது என்று பதவி வரிசைப்படி ஒரு பட்டியலும் தட்டச்சு செய்தாயிற்று. அப்புறம் வலேரியான் எஃபிமொவிச்சின் மேஜைக்கு ஒரு சீட்டு போனது: 'மாவட்டக் குழுத் தோழர்கள் வழக்கம்போல் நாளை காலை ஏழு மணிக்கு ஆற்றில் கூடுகிறார்கள்.'

வழக்கம்போல் என்று போட்டதுதான் ரிம்மாவின் சாமர்த்தியம். ஏதோ அவருக்காகவே செய்கிறார்கள் என்று தெரிந்துவிடக் கூடாதாம்.

அன்று மாலை காரில் அந்தத் தலை முதல்முறையாகப் பேசியது.

"ஆர்ஹிப் லூகிச், இங்க எல்லாரும் பனிக்கட்டித் தண்ணியில எறங்குவாங்களாமே?"

ஆர்ஹிப் சாலையைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "இந்த ஊர் ஆளுங்க கொஞ்சம் கெட்டிங்க."

"ஓஹோ," என்றார் வலேரியான் எஃபிமொவிச். குரலில் உற்சாகம் இல்லை. ஆர்ஹிப் அதைக் கவனித்தார். கவனித்து என்ன செய்ய?

காலை ஏழு மணிக்குப் பூஜ்யத்துக்குக் கீழே இருபத்துநான்கு டிகிரி. ஆற்றங்கரையில் மாவட்டத்தின் முக்கியஸ்தர்கள் பன்னிரண்டு பேர், கறுப்புக் கார் வந்ததும் கோட்டைக் கழற்றிவிட்டு, அரைக்கால் சட்டையோடும் தலையில் ரோமத் தொப்பியோடும் பட்டியல்படி நின்றிருந்தார்கள். முதல் செயலாளர் இறங்காமல் யாரும் இறங்கக் கூடாது. அவரோ, இத்தனை பேர் உரித்துப்போட்டு நிற்கும்போது தான் கோட்டோடு நின்றால் தலைமை என்னாவது என்று நினைத்தார். கோட்டைக் கழற்றினார். இறங்கினார். ஏறும்போது "நல்லது" என்று சொல்ல முயன்றார், பல் தந்தியடித்ததில் அது ஏழெட்டு நல்லதாக வந்தது. தலைவருக்குப் பரம திருப்தி என்று மாவட்டம் குறித்துக்கொண்டது.

இப்படியே மூன்று வாரம். கல்வி அதிகாரிக்குக் குரல் போயிற்று. த்ரிஃபோன் சாவிச் கைக்குட்டை போதாமல் மேஜைத் துணியோடு திரிந்தார். யாரும் விடுப்பு எடுக்கவில்லை. இந்த நேரத்தில் ஜலதோஷம் பிடித்தால் அதுவே ஒரு அரசியல் நிலைப்பாடு. பிராந்தியப் பத்திரிகை புகைப்படம் போட்டது. பிராந்தியத் தலைநகரிலிருந்து தொலைபேசியில் பாராட்டினார்கள், இந்த அரிய அனுபவத்தைப் படிக்க ஒரு தூதுக்குழு வருகிறது என்றார்கள்.

அந்தத் தொலைபேசி அழைப்பு வந்த மறுநாள், குளித்துவிட்டுத் திரும்பும் வழியில், இரண்டு ரோமக் கோட்டுக்குள்ளிருந்து வலேரியான் எஃபிமொவிச் கேட்டார்:

"வண்டிய ஓரமா நிறுத்துங்க. இந்த வழக்கத்த ஆரம்பிச்சது யாரு? பேரு வேணும் எனக்கு."

மனிதரின் உதடு நீலம் பாரித்திருந்தது. ஆர்ஹிப் கண்ணாடியில் அதைப் பார்த்தார். ரிம்மாவின் பெயரைச் சொல்லலாம், யாரும் மறுக்க முடியாது. மர லாரி ஒருமுறை அவர் மனக்கண்ணில் வந்து நின்றது. ஆனால் அந்த உதட்டைப் பார்த்துக்கொண்டு பொய் சொல்ல அவருக்கு மனசு வரவில்லை.

"நான்தான்."

முழுவதையும் சொன்னார். மீனைக்கூட மறைக்கவில்லை.

பின் இருக்கையிலிருந்து முதலில் ஒரு தும்மல் வந்தது. 

"எனக்கு நீந்தவே தெரியாது," என்றார் வலேரியான் எஃபிமொவிச். "ஒவ்வொரு நாளும் செத்துப் பொழைக்கிறேன். இப்ப நிறுத்தவும் முடியாது. பத்திரிகையில வந்துடுச்சு. நிறுத்தினா ஏன்னு மேல கேப்பாங்க."

"என்னய எறக்கிவிட்டுடுவீங்களா?"

"எறக்கினாலும் ஏன்னு கேப்பாங்க."

ஆர்ஹிப் தொப்பியைக் கழற்றி முழங்காலில் வைத்துக்கொண்டார். பதினெட்டு வருடத்தில் எந்தச் செயலாளரிடமும் கேட்காததை அப்போது கேட்டார். "தப்பா நெனைக்காதீங்க. உங்களுக்கு நெசமாவே என்ன பிடிக்கும்?"

வலேரியான் எஃபிமொவிச் யோசித்தார். இதுவரை அவரிடமும் யாரும் கேட்டதில்லை போலும்.

"தூக்கம்," என்றார். "காலைத் தூக்கம்."

மறுநாள் ஆறே முக்காலுக்குச் செங்கல் சூளைக்குப் பின்னால் கறுப்புக் கார் நின்றுவிட்டது. ஆர்ஹிப் இறங்கி மூடியைத் தூக்கி, நன்றாக ஓடுகிற இயந்திரத்தைக் கவலையோடு பார்க்க ஆரம்பித்தார். உள்ளே முதல் செயலாளர் தொப்பியை முகத்தில் போட்டுக்கொண்டு குறட்டை விட்டார். ஆற்றங்கரையில் பன்னிரண்டு பேரும் கோட்டுப் பொத்தானில் கை வைத்தபடி காத்திருந்தார்கள். அவர் வராமல் கழற்ற முடியாது, அவர் வராமல் போகவும் முடியாது. எட்டு மணிக்கு, வேலை நேரம் வந்துவிட்டதால், உலர்ந்த உடம்போடு அலுவலகம் போனார்கள். அதற்கடுத்த நாளும் கார் நின்றது, அதற்கடுத்த நாளும். தூதுக்குழு வந்தபோது அவர்களும் ஒரு மணி நேரம் குழியைச் சுற்றி நின்றார்கள். வருகை முழுமை, ஒழுங்கு முன்மாதிரி என்று எழுதிக்கொண்டு போனார்கள்.

அந்தக் குளிர்காலத்தில் அப்புறம் யாரும் நனையவில்லை.

ஆர்ஹிப்பின் பெயர்தான் கெட்டது. கொட்டகையில் சின்னப் பயல்கள்கூட, "என்ன அண்ணே, இன்னிக்கு எத்தனை தடவ தள்ளினீங்க?" என்று கேட்டார்கள். தலைமை மெக்கானிக் புது இயந்திரம் கேட்டு விண்ணப்பம் அனுப்பினார். 'இருப்பதே போதும்' என்று முதல் செயலாளர் எழுதித் திருப்பிவிட்டார். பெலகேயா கடைக்குப் போகவே கூசினாள்.

"வயசாயிடுச்சுன்னு ஒத்துக்கயேன்யா. தெனம் நடு ரோட்டுல நிக்கிறியே, மானம் போகுது."

 ஆர்ஹிப் ஒரு வார்த்தையில் உண்மையைச் சொல்லியிருக்கலாம். ஆனால் பெலகேயாவிடம் சொன்னால் மதியத்துக்குள் ரிம்மா ஒசிப்பொவ்னா காலைத் தூக்கத்துக்கும் பதவி வரிசைப்படி படுக்கைப் பட்டியல் போட்டுவிடுவார் என்று அவருக்குத் தெரியும். வசந்தத்தில் பனி உருகியது. இலையுதிர்காலத்தில் ஆறு மறுபடி உறைந்தது, காரும் மறுபடி நிற்க ஆரம்பித்தது.

டிசம்பரில் ஓய்வு பெற்றார். பிரிவுபசாரத்தில் கொட்டகைக்காரர்கள் சிவப்பு நாடா கட்டி ஒரு பொட்டலம் கொடுத்தார்கள். பிரித்தால் உள்ளே, நின்றுபோன வண்டியைக் கட்டி இழுக்கிற கயிறு. கூடம் சிரிப்பை அடக்கிக்கொண்டு முதல் செயலாளரைப் பார்த்தது. சிரிக்கலாமா கூடாதா என்று தெரிய வேண்டுமே.

வலேரியான் எஃபிமொவிச் எழுந்தார். நன்றாகத் தூங்கிய மனிதரின் முகம். ஆர்ஹிப்பின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "இந்த மாதிரி ஒரு காரோட்டி எனக்கு இனிமே கெடைக்கவே மாட்டாரு," என்றார்.

தலைவர் நகைச்சுவை செய்துவிட்டார் என்று கூடம் வெடித்துச் சிரித்தது. த்ரிஃபோன் சாவிச் மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்தார். பெலகேயா தலையைக் குனிந்துகொண்டாள். அத்தனை சத்தத்துக்கும் நடுவில் இரண்டு பேர் மட்டும் சிரிக்காமல், பிடித்த கையை விடாமல் நின்றுகொண்டிருந்தார்கள். ஆர்ஹிப்புக்குக் கண் நிறைந்துவிட்டது.