அஸருக்கு முன் அனுப்ப நினைத்தவர்

போர் முடிந்து மூன்றாவது வருடம், முந்தலுக்கு அண்மையில் இருந்த எங்கள் வளவை விற்கத் தீர்மானித்தோம். போரில் விட்டுவந்த மன்னார்க் காணியைத் துப்புரவாக்கியாயிற்று. இந்த வளவு விலைபோனால்தான் அங்கே வீடு கட்டலாம். ஆனால் கிணறு உவர்த்திருந்தது. சுற்றிலும் இறால் குளங்கள் வெட்டிய பிறகு வருடத்துக்கு வருடம் உப்பு ஏறியது. அந்தத் தண்ணீரில் தேத்தண்ணீர் போட்டால் பால் திரைந்துவிடும். குடிக்கவும் சமைக்கவும் நல்ல தண்ணீரை பிளாஸ்டிக் கான்களில் வாங்கினோம்.

தில்லையடியில் கடை வைத்திருந்த ஒருவர் வளவைப் பார்க்கக் கேட்டார். இரண்டரைக்கு வரச் சொன்னேன். பின்னேர அஸர் தொழுகைக்கான பாங்குக்கு முன் அவரை அனுப்பிவிடலாம் என்பது என் திட்டம். கான்களை அறைக்குள் மறைத்து வைத்தேன்.

அவர் வந்தபோது மூன்று மணி. வேலியோரமாக நடந்தார். தென்னைகளை அண்ணாந்து பார்த்தார். வாங்கிய தண்ணீரில் மனைவி போட்ட தேத்தண்ணீரைச் சொட்டு விடாமல் குடித்தார். கதிரையை விட்டு எழுவதற்குள் பாங்கு கேட்டது.

"பள்ளிக்குப் போவமா நாநா?" என்றேன் அவசரமாக.

"ஏன், இங்க கிணறு இரிக்கே தம்பி."

வாளியை நானே இழுத்துக் கொடுத்தேன். தொழுகைக்கு முன் முகம் கைகால் கழுவி வுழூச் செய்யும்போது மூன்று முறை வாய் கொப்பளிப்பது வழக்கம். முதல் வாய்த் தண்ணீரோடு அவர் கன்னம் அசையாமல் நின்றது. துப்பினார். என்னைப் பார்க்கவில்லை. மற்ற இரண்டையும் குறைவில்லாமல் கொப்பளித்தார்.

பாயை விரித்ததும், "வீட்டுக்காரர் நீங்க, இமாமா நிண்டு தொழுவிங்க" என்றார். மறுக்க வழியில்லை. என் வலப்பக்கத்தில் தோள் படும்படி நின்றார். அஸரில் சத்தமில்லாமல்தான் ஓதுவோம். அப்படியும் எனக்கு நாக்குத் தடுமாறியது. வுழூச் செய்த என் வாயிலும் அதே உப்பு.

ஸலாம் கொடுத்து முடிந்து, செருப்பைப் போட்டபடி கேட்டார்.

"தேத்தண்ணிக்கு எந்தக் கிணத்துத் தண்ணி?"

"கடையில வாங்கினது நாநா."

"அப்ப அந்தக் கடையத்தான் விலைக்குக் கேக்கணும்."

அவர் போனதும் கதவுக்குப் பின்னாலிருந்து மனைவி வந்தாள்.

"அடுத்த ஆளக் காலையில வரச் சொல்லுங்க. பகல் லுஹர் தொழுகைக்கு நெறய நேரம் இரிக்கும்."

"இல்ல. இனி வாறவங்களுக்கு முதல்ல கிணத்துத் தண்ணியக் குடுப்பம்."



"அப்ப நம்மட சீவியமும் மவுத்தும் இங்கதான்" என்று சொல்லிவிட்டு, கோப்பைகளைக் கழுவக் கிணற்றடிக்குப் போனாள்.