எந்தக் கை என்று கேட்ட எஸ்தர்

திங்கட்கிழமை காலை கணினியைத் திறந்தபோது எங்கள் ஆஸ்பத்திரிப் பட்டியலில் மூன்றாவது பெயர் எஸ்தர். ஊர் மாதனூர், வயது முப்பத்தொன்பது. கடைசித் தாளில், ஞாயிறு விடியற்காலையில் இறப்பு என்று இருந்தது. உன் ஊரில் உன் பெயரிலேயே ஒருத்தி போய்ச் சேர்ந்துவிட்டாள் என்று கிண்டல் செய்யத்தான் என்னோடு வேலை பார்க்கும் எஸ்தருக்கு போன் போட்டேன். அவள் கணவர் எடுத்தார். "அடக்கம் நேத்தே முடிஞ்சிடுச்சும்மா," என்றார். எந்த எஸ்தருக்கு என்று அவரிடமே கேட்டேன். இதை எழுதும்போதும் அதை நினைத்தால் உடம்பு கூசுகிறது.

ஆவணப் பிரிவில் அவளோடு இருந்த உங்களுக்கு நான் எதுவும் விளக்க வேண்டாம். மற்றவர்களுக்குச் சொல்கிறேன். டாக்டர்கள் எழுதும் நோயை அதற்குரிய குறியீட்டு எண்ணாக மாற்றுவது எங்கள் வேலை. பதினோரு வருடம் எங்கள் இருவருக்கும் பக்கத்துப் பக்கத்து நாற்காலி. ஆம்பூரில் தோல் பட்டறை, ஷூ கம்பெனி ஆட்களின் கைகளில் வரும் கட்டிகளுக்குப் பஞ்சமே இல்லை. அந்த எண்ணின் கடைசி இலக்கம் ஒன்று என்றால் வலது கை, இரண்டு என்றால் இடது, ஒன்பது என்றால் எந்தக் கை என்று குறிப்பிடப்படவில்லை. அவசரத்துக்கு நாங்கள் எல்லோரும் ஒன்பது போட்டிருக்கிறோம். அவள் போட்டதில்லை.

ஒருமுறை, தோல் பதனிடும் ஒரு பாயின் தாளில் வெறுமனே 'கையில் கட்டி' என்று இருந்தது. எஸ்தர் கட்டுப் போடும் அறைக்கே போய்விட்டாள். பாய் வலது கையில் கட்டோடு உட்கார்ந்திருந்தார். கண்ணால்தான் பார்த்துவிட்டாயே, எண்ணைப் போட்டுவிட்டு வா என்று போனில் கத்தினேன். நான் வாங்கி வைத்த பிரியாணி ஆறிக்கொண்டிருந்தது. "நான் பாத்தது செல்லாதுப்பா, டாக்டர் எழுதணும்," என்றாள். டாக்டர் முகம் சுளித்துக்கொண்டே 'வலது' என்று எழுதும் வரை அவர் அறை வாசலை விட்டு அவள் நகரவில்லை. வந்து ஆறிய பிரியாணியைத் தின்றுகொண்டே, "எந்தக் கைன்னு கேட்டு இன்சூரன்ஸ்காரன் பில்லைத் திருப்பி அனுப்பினா அந்தாளு எங்க போய் நிப்பாரு?" என்று என்னையே கேட்டாள்.

போன வியாழக்கிழமை அவள் இடது கையில் துணி சுற்றியிருந்தது. ஒற்றைக் கையால் தட்டிக்கொண்டிருந்தாள். "சூட்டுக் கட்டிதான், ஒடைஞ்சா சரியாய்டும்," என்றாள். கடைசி இலக்கம் இரண்டுதானே என்று சீண்டினேன். "டாக்டர் இன்னும் எழுதலியே," என்றாள். இரண்டு பேரும் சிரித்தோம். டாக்டர் ஒரு மாடி மேலே இருந்தார். எழுந்து வா, காட்டிவிட்டு வரலாம் என்று நான் சொல்லவில்லை. அவளுக்குச் சர்க்கரை இருந்தது அவளுக்கே தெரியாது. வெள்ளிக்கிழமை காய்ச்சல் என்று விடுப்பு சொன்னாள். சனிக்கிழமை கொண்டு வரும்போது சீழ் ரத்தத்தில் கலந்துவிட்டதாம். ஒரு கட்டிக்கு ஒருத்தி சாவாளா? ஆயிரம் கட்டிகளுக்கு எண் போட்டவள் சாவாளா? எனக்கு இன்னும் நம்ப முடியவில்லை.

அவள் தாளிலும் 'கையில் சீழ்க்கட்டி' என்று மட்டும்தான் இருந்தது. இறந்தவர்தானே, ஒன்பது போட்டு முடித்துவிடு என்றார் மேற்பார்வையாளர். இடது என்று எனக்குத் தெரியும். என் விரல் இரண்டு என்ற எண்ணின் மேல் போய் நின்றது. அழுத்த முடியவில்லை. தாளை எடுத்துக்கொண்டு மாடி ஏறினேன். "எந்தக் கையா இருந்தா இன்னாம்மா இப்போ?" என்றார் டாக்டர். நான் தாளை அவர் முன்னால் வைத்தேன். அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டுப் பேனாவை எடுத்தார்.

எஸ்தர், உன் எண்ணை இரண்டில்தான் முடித்தேன், டாக்டர் எழுதிக் கொடுத்த பிறகு. எந்தக் கை என்று கேட்பதை இனி உனக்காக நான் செய்வேன். கூடவே இன்னொன்றும் என்னிடம் தங்கிவிட்டது. நம் அறையிலிருந்து டாக்டரின் அறைக்கு இருபத்திரண்டு படிகள். திங்கட்கிழமைதான் எண்ணினேன்.