சத்தக்காவின் கால்கள்

பாட்டுப் படங்களில் ஆடுவது நாயகி. கேட்கும் காலடிச் சத்தம் சத்தக்காவுடையது. ஒலிப்பதிவு அறையில் திரையைப் பார்த்தபடி, பலகைமேல் ஆடிச் சத்தம் கொடுப்பதுதான் அவள் பிழைப்பு. நாயகியின் முகம் அவளுக்குத் தேவையில்லை, கால் தெரிந்தால் போதும்.

கொஞ்ச நாளாய் நாயகியின் இடது கால் தாளத்துக்குப் பிந்தியது. சத்தக்கா அதைச் சொன்னபோது, "நீங்க சரியா தட்டுங்கக்கா, யாருக்கும் தெரியாது," என்றார் இயக்குநர். தட்டினாள். படத்துக்குப் படம் அந்தக் கால் மோசமானது. சத்தம் மட்டும் கனகச்சிதம்.

ஒருநாள், முடிந்த பாட்டைப் பார்க்க நாயகியே வந்தாள். பார்த்ததும் அவள் முகம் தெளிந்தது.

"டாக்டர் சும்மா பயமுறுத்துறாருக்கா. கால் நல்லாத்தானே இருக்கு? அடுத்த பாட்டு உயரமான படிக்கட்டுல. முடியாதுன்னு சொல்ல இருந்தேன். இப்ப ஒத்துக்கப் போறேன்."

சத்தக்கா பலகையிலிருந்து இறங்கி அவள் அருகே வந்தாள்.

"வேண்டாம்மா. நீ கேட்டது என் கால்."

"போங்கக்கா. என் கண்ணால இப்பத்தானே பார்த்தேன்."

பக்கத்துத் தளத்தில் தச்சர்கள் அந்தப் படிக்கட்டுக்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தார்கள். நாயகி அந்தச் சத்தத்துக்குத் தலையசைத்தபடியே வெளியே போனாள். சத்தக்கா வழக்கம்போல் அவள் காலைப் பார்த்தாள். வாசல்படியில் இடது கால் இடறியது.