ஈ என்று நான் சொன்னது

என் மனைவியைக் கொட்டிய குளவிக்கு, அது கொட்டுவதற்கு அரை நிமிஷம் முன்பு நன்னடத்தைச் சான்றிதழ் கொடுத்தவன் நான். வாய்மொழிச் சான்றிதழ்தான். ஆனாலும் என் மச்சினனும் ஒரு பழக்கடைக்காரரும் சாட்சி. "இது குளவி இல்ல, ஈ. பயப்படாத. கைய எடுக்காத" என்றேன். அவள் எடுக்கவில்லை. கல்யாணமாகி இருபத்து மூன்று வருஷத்தில் நான் சொன்னதை அவள் மறுபேச்சில்லாமல் கேட்ட நாட்கள் குறைவு. அன்றைக்கென்று பார்த்துக் கேட்டாள்.

இதற்கு முந்தைய வருஷம், தென்காசியில் எங்கள் வீட்டு மொட்டைமாடிக்குத் துணி எடுக்கப் போனவளை ஒரு குளவி கொட்டியது. கீழே இறங்கி வருவதற்குள் உடம்பெல்லாம் தடிப்பு. ஆட்டோவில் போகும்போதே கண் இரண்டும் மூடிக்கொண்டன. டாக்டர் ஊசி போட்டுவிட்டு, "என்ன பூச்சி?" என்று கேட்டார்.

"கறுப்பா இருந்துச்சு சார். மஞ்சளும் உண்டு. பறந்துச்சு" என்றேன்.

இருபது வருஷமாகப் பள்ளிக்கூடத்தில் வரலாறு நடத்துகிறவன் சொன்ன பதில் அது. டாக்டர் அதை எழுதிக்கொள்ளவில்லை. பிறகு வராந்தாவுக்குக் கூட்டிக்கொண்டு போய், மறுபடி கொட்டினால் இதைவிட மோசமாகலாம், தொண்டை வீங்கிவிட்டால் அவகாசம் அதிகம் இருக்காது, எங்கே இருந்தாலும் உடனே வந்துவிடுங்கள் என்றார். தாழ்ந்த குரலில் சொன்னார். சத்தம் போட்டுச் சொல்லியிருந்தால் நான் அவ்வளவு பயந்திருக்க மாட்டேன்.

பயந்தவன் ஒன்று சாமி கும்பிடுவான், இல்லாவிட்டால் புத்தகம் வாங்குவான். நான் இரண்டாவது ரகம். தலையணை தடிமனில் பூச்சிகளைப் பற்றி ஒரு புத்தகம் வாங்கினேன். வகுப்பு, வரிசை, குடும்பம், பேரினம், சிற்றினம் என்று உலகத்துப் பூச்சிகளை எல்லாம் அதில் இறங்குமுகமாகப் பிரித்து வைத்திருந்தார்கள். எங்கள் பக்கம் புது ஆளை விசாரிப்பதும் கிட்டத்தட்ட இப்படித்தான். ஆலங்குளமா, கடையமா, எந்தத் தெரு, யார் வீட்டு மாப்பிள்ளை என்று இறங்கிக்கொண்டே வந்தால் கடைசியில் ஆள் கையில் சிக்கிவிடுவார்.

பூச்சிகளுக்கு வரிசை பிரிப்பதில் சிறகுதான் பெரிய அடையாளம். முன் சிறகு ஓடு மாதிரி இறுகிக் கிடந்தால் வண்டு. சிறகில் பொடிப்பொடியாகச் செதில் இருந்தால் வண்ணத்துப்பூச்சி. சவ்வு மாதிரி நான்கு சிறகு இருந்தால் அந்த வரிசையில் தேனீ, குளவி, சிறகு முளைத்த எறும்புகூட உண்டு. இரண்டே இரண்டு சிறகு என்றால் ஈ, கொசு. இந்த ஈக்களில் சில, உடம்பில் மஞ்சள் வரி போட்டுக்கொண்டு குளவி வேஷத்தில் திரியுமாம். பறவைகள் பயந்து விட்டுவிடும். கொடுக்கு கிடையாது, ஒரு பொட்டுத் தீங்கு கிடையாது.

இதைப் படித்த அன்று எனக்கு வந்த நிம்மதியைச் சொல்லி மாளாது. நான்கு என்றால் ஓட வேண்டும், இரண்டு என்றால் நிற்கலாம். அவ்வளவுதான் விஷயம். அதற்கப்புறம் எங்கள் வீட்டில் ஒரு பழக்கம் உண்டானது. மஞ்சளாக எது பறந்து வந்தாலும் அவள் அப்படியே அசையாமல் நின்று, "ஏங்க, வந்து எண்ணுங்க" என்று குரல் கொடுப்பாள். நான் மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு போய் எண்ணுவேன். ஒரு வருஷத்தில் ஏழெட்டுத் தடவை எண்ணியிருப்பேன். ஒரு தடவையும் தப்பவில்லை. அதனால்தான் தப்பிற்று.

சாரல் நன்றாகப் பிடித்திருந்த ஒரு சனிக்கிழமை காலை. லீவில் வந்திருந்த என் மச்சினன், அவன் போலீஸில் இருக்கிறான், எங்களைக் காரில் குற்றாலம் ஐந்தருவிக்குக் கூட்டிக்கொண்டு போனான். குளித்துவிட்டு, கொண்டுபோன மிளகாய்ப்பொடி இட்லியைத் தின்றுவிட்டு, பழக்கடை முன்னால் நின்று மங்குஸ்தான் உரித்துக்கொண்டிருந்தோம். கடையோரம் தொலிகள் குவிந்து கிடந்தன. அவற்றின் மேல் என்னென்னவோ மொய்த்துக்கொண்டிருந்தன.

அதிலிருந்து ஒன்று எழுந்து வந்து அவளுடைய மணிக்கட்டில் உட்கார்ந்தது. மஞ்சள் வரி. பழச்சாற்றுக்கு வந்திருக்கிறது.

அவள் சிலை மாதிரி நின்றாள். "ஏங்க."

குனிந்தேன். கண்ணாடியில் சாரல் துளிகள். துடைக்க என் உடம்பில் காய்ந்த துணி எதுவும் இல்லை. அப்படியே பார்த்தேன். முதுகின் இரு புறமும் ஒல்லியாக ஒவ்வொரு சிறகு. ஒன்று, இரண்டு. மறுபடியும் எண்ணினேன். இரண்டு.

"அக்கா, கைய உதறு" என்றான் மச்சினன்.

அப்போதுதான் நான் அந்தச் சான்றிதழைக் கொடுத்தேன். கூடவே, "வேஷம் போட்ட ஈ" என்று அவனுக்கு ஒரு விளக்கமும் கொடுத்தேன். பழக்கடைக்காரர், "குளவி மாதிரில்லா இருக்கு அண்ணாச்சி" என்றார். "அப்படித்தான் இருக்கும்" என்றேன்.

கொட்டியது.

அவள் கையைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். புத்தகத்தில் குளவிப் படத்தின் கீழே பொடி எழுத்தில் இருந்த குறிப்பு எனக்கு அந்த நொடியில் வரி பிசகாமல் ஞாபகம் வந்தது. குளவியின் பின் சிறகு முன் சிறகோடு சின்னச் சின்னக் கொக்கிகளால் மாட்டியிருக்கும். உட்காரும்போது நீளவாக்கில் மடித்துக்கொள்ளும். பார்வைக்கு இரண்டு போலத் தோன்றலாம்.

அதற்கடுத்து நான் செய்ததை இன்றுவரை அவளிடம் முழுதாகச் சொன்னதில்லை. ஆஸ்பத்திரிக்குப் போகும்போது கடித்ததைப் பிடித்துக்கொண்டு போவது எங்கள் ஊர் வழக்கம். போன தடவை டாக்டர் கேட்ட கேள்வி வேறு நெஞ்சில் முள்ளாக நின்றது. அவள் காரை நோக்கி நடக்க, நான் காலி இட்லி டப்பாவைத் திறந்துகொண்டு தொலிக் குவியல் பக்கம் போனேன்.

"அத்தான், என்ன பண்ணுதிய? ஏறுங்க வண்டில!"

"ஒரு நிமிஷம்ப்பா. டாக்டர் கேப்பாரு."

"கோட்டி பிடிச்சிருக்கா ஒமக்கு? மூஞ்சியப் பாரும் அக்காவுக்கு!"

மரியாதை கழன்று விழுந்ததைக் கவனித்தேன். வருத்தப்பட நேரமில்லை. மஞ்சளாக ஏதோ அசைந்த இடத்தில் டப்பாவைக் கவிழ்த்து, தொலியோடு சேர்த்து மூடிக்கொண்டு ஓடினேன். இரண்டு நிமிஷம் ஆகியிருக்கும். அந்த இரண்டு நிமிஷம் இப்போதும் என் உறக்கத்தில் வருகிறது.

பையில் எப்போதும் இருக்கிற மாத்திரையை அவள் ஏற்கெனவே விழுங்கியிருந்தாள். உதடு தடித்திருந்தது. ரோடு முழுக்கச் சீசன் கூட்டம். உடம்பெல்லாம் எண்ணெய் வழிய, தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு, உலகத்தில் அவசரம் என்று ஒன்று இருப்பதே தெரியாதவர்களாக நடுரோட்டில் நடந்தார்கள். மச்சினன் ஒரு கையால் ஸ்டியரிங்கைப் பிடித்து, மறு கையை வெளியே நீட்டி, "அண்ணாச்சி, ஒதுங்குங்க! ஆஸ்பத்திரிக்கு!" என்று கத்திக்கொண்டே ஓட்டினான்.

"பேசிக்கிட்டே இரு" என்றேன் அவளிடம். பேச்சு வந்தால் மூச்சு இருக்கிறது என்று கணக்கு. இன்னொரு கணக்கு.

"மாவு வெளிய இருக்கு. பொங்கிரும். எடுத்து ஃப்ரிட்ஜுல வைங்க" என்றாள். குரல் யாருடையதோ போலக் கரகரத்தது.

"சரி."

"அம்மைக்கு இப்பம் சொல்லாண்டாம். பயந்துருவா."

"சரி."

"பின்வாசல் கொண்டி போடல."

"சரி. அப்புறம்?"

அப்புறம் அவள் ஒன்றும் சொல்லவில்லை. தொண்டையைப் பிடித்துக்கொண்டு ஜன்னல் பக்கம் சாய்ந்தாள். மூச்சு இழுக்கும்போது ஒரு சின்ன விசில். என் மடியில் டப்பாவுக்குள் அது ரீங்கரித்தது. காருக்குள் என் காதில் விழுந்தவை அந்த இரண்டு சத்தங்கள்தான். இது நிற்கக்கூடாது என்று ஒன்றையும், இது நிற்க வேண்டும் என்று மற்றதையும் கேட்டுக்கொண்டிருந்தேன். பழைய குற்றாலம் திருப்பம் தாண்டியதோ, தென்காசி வந்ததோ எனக்குத் தெரியாது. சாமி கும்பிட்டேன். புத்தக வரிசையிலிருந்து பாதியில் மாறி வந்து சேர்ந்தவனைச் சாமி எந்தக் கணக்கில் எடுத்துக்கொண்டதோ.

தொடையில் ஊசி போட்டு, மூக்கில் ஆக்ஸிஜன் மாட்டி, திரையை இழுத்துவிட்டார்கள். வெளியே பெஞ்சில் ஈர வேட்டியோடு உட்கார்ந்திருந்தேன். ஒரு நர்ஸ் பேப்பரோடு வந்து, "என்ன சார் கடிச்சுது?" என்றாள்.

என்ன ஆகும் என்று தெரியாத நேரத்தில் மனிதனுக்குத் தெரிந்ததெல்லாம் வாய்வழியாக வந்துவிடுகிறது. "சவ்வுச் சிறகு வரிசை. அதில் சமூகக் குளவிக் குடும்பம். பேரினம்தான் உறுதியாகச் சொல்ல முடியவில்லை" என்றேன்.

அவள் பேனாவை மூடினாள். "சார், எங்களுக்கு ரெண்டே வகைதான். பாம்பு, பாம்பில்லாதது. எதுல எழுத?"

"பாம்பில்லாதது" என்றேன்.

முக்கால் மணி நேரம் கழித்து டாக்டர் வந்தார். அதே டாக்டர். "இப்ப பரவாயில்ல. மூச்சு நல்லா வருது. ராத்திரி இங்கயே இருக்கட்டும். கொஞ்சம் தாமதிச்சிருந்தீங்கன்னா கஷ்டம்" என்றார். கொஞ்சம் என்றால் எவ்வளவு, இரண்டு நிமிஷமா என்று கேட்கத் தைரியம் வரவில்லை. அதற்குப் பதில் டப்பாவை நீட்டினேன்.

"என்ன இது?"

"கடிச்சது, சார். போன தடவ கேட்டீங்க."

அவர் மூடியை இம்மியளவு திறந்து பார்த்தார். பிறகு முழுதாகத் திறந்தார். மங்குஸ்தான் தொலியின் மேல், இட்லிப்பொடியில் புரண்டு எழுந்து, கைகளைத் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது ஒரு சாதாரண வீட்டு ஈ.

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு முறைப்படி எண்ணினேன். இரண்டுதான். இந்தத் தடவை சந்தேகமே இல்லை.

மறுநாள் வீட்டுக்கு வந்ததும், மச்சினன் டப்பா கதையை, மறைக்க வேண்டியதை மறைக்காமல், அவளிடம் சொல்லிவிட்டான். பொங்கி வழிந்த மாவைத் துடைத்துக்கொண்டிருந்த நான் திட்டுக்காகக் காத்திருந்தேன். அவள் அலமாரியில் இருந்த அந்தத் தடிப் புத்தகத்தைப் பார்த்தாள்.

"பூச்சியோட போச்சு" என்றாள். "நல்லவேளை, பாம்பப் பத்தி புஸ்தகம் வாங்காம இருந்தியளே."