சோறும் முட்டையும் இருபத்தெட்டு கிலோமீட்டரும்

சனிக்கிழமை மதியம் இரண்டே காலுக்கு கோவையிலிருந்து வந்து மதுரையில் நான் ஏறிய பேருந்து, மூன்றரைக்கு என்னை விருதுநகரில் இறக்கியது. அங்கிருந்து சிவகாசிப் பேருந்து பிடித்து ஆமத்தூரில் இறங்கினேன். மாரீஸ்வரி வேலை முடிந்த கையோடு நிறுத்தத்துக்கே வந்திருந்தாள்.

பட்டாசுக் கம்பெனியில் பெட்டி போடும் வேலை அவளுக்கு. வயது முப்பத்தொன்று, எடை நாற்பத்தெட்டு கிலோ. போன ஆண்டு மதுரை மாரத்தானில் முப்பதாவது கிலோமீட்டர் வரை எனக்கு முன்னால் ஓடியவள், திடீரென்று சாலையோரம் சரிந்தாள். நானும் ஓட்டத்தை விட்டுவிட்டு அவளோடு உட்கார்ந்தேன். எங்கள் பழக்கம் அப்படித் தொடங்கியது.

புரதப் பவுடர் வாங்கிவரச் சொல்லியிருந்தாள். என்ன சாப்பிடுகிறாள் என்று பார்க்காமல் வாங்க எனக்கு மனம் வரவில்லை.

வீட்டில் கேட்டபோது விஷயம் புரிந்தது. அரிசிதான் எதிரி என்று யாரோ கைப்பேசியில் பேசியதைக் கேட்டு, இரண்டு மாதமாகச் சோற்றையே தொடவில்லை. ஒரு நாளைக்கு நாலு முட்டை, கொஞ்சம் பயறு, மோர். விடியற்காலையில் வெறும் வயிற்றோடு ஓட்டம். போன மாதம் சிவகாசி சாலையில் மறுபடியும் விழுந்து, ஒரு லாரிக்காரர்தான் வீட்டில் கொண்டுவந்து விட்டிருக்கிறார்.

நான் நிபுணர் இல்லை. கோவையில் அஞ்சலக ஊழியர். கால் எலும்பில் விரிசல் விட்ட பிறகு ஓர் உணவியலாளரிடம் கற்றதைச் சொன்னேன். ஓடுவதற்கான எரிபொருள் சோறும் இட்லியும். அது இல்லாவிட்டால், தசையைச் செப்பனிட வேண்டிய புரதத்தையே உடம்பு எரித்துவிடும். அவள் எடைக்கு ஒரு நாளைக்கு அறுபது, எழுபது கிராம் புரதம் வேண்டும். அதையும் ஒரே வேளையில் திணிக்காமல் மூன்று வேளைக்கும் பிரித்துக்கொள்ள வேண்டும். முட்டை, மீன், கடலை, பயறு, தயிர் எல்லாம் சேர்ந்தால் பவுடர் தேவைப்படாது.

அவள் கணவர் கருப்பசாமி, லோடு ஏற்றும் வேலை பார்ப்பவர், வாசற்படியில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

“அக்கா, நீங்க நாளைக்கு ஊருக்குப் போயிருவீக. இவ விழுந்தா தூக்குறது நாந்தேன்” என்றார்.

மாரீஸ்வரி மெதுவாகச் சொன்னாள்: “நாளைக்கு ஒரு வாட்டி ஓடிப் பாக்கேன். விழுந்தா இதோட விட்டுர்றேன்.”

அன்று இரவு ஆனைக்குட்டம் அணை மீன் குழம்பு. இரண்டு மாதம் கழித்து, தட்டு நிறையச் சோறு போட்டுக்கொண்டாள்.

ஞாயிறு காலை நாலே முக்காலுக்கு ஆளுக்கு இரண்டு இட்லி, ஒரு வாழைப்பழம், கருப்பட்டிக் காப்பி. ஐந்தரைக்குப் புறப்பட்டோம். ஆனைக்குட்டம் போய், கரையெல்லாம் சுற்றித் திரும்பினால் என் கடிகாரக் கணக்கில் இருபத்தெட்டு கிலோமீட்டர். கருப்பசாமி மொபெட்டில் பின்னாலேயே வந்தார். உப்புப் போட்ட தண்ணீரும் பேரீச்சம்பழமும் அவர் பையில். அரைமணிக்கு ஒருமுறை முன்னால் போய் நின்று நீட்டுவார்.

இருபத்திரண்டைத் தாண்டியதும் எனக்குத்தான் கால் கனத்தது. அவள் நூறடி முன்னால் போய்விட்டாள். இருபத்தாறில் சட்டென்று நின்று குனிந்தாள். கருப்பசாமி வண்டியை அப்படியே சாய்த்துப் போட்டுவிட்டு ஓடினார்.

“கல்லு மாட்டிக்கிருச்சு” என்று ஷூவைக் கழற்றி உதறினாள். அவர் முகத்தைப் பார்த்ததும் அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கடைசி இரண்டு கிலோமீட்டரும் சிரித்தபடியேதான் ஓடினாள். நான் நடந்துதான் போய்ச் சேர்ந்தேன்.

வந்ததும் தயிர்ச் சோறு, அவித்த முட்டை இரண்டு, தட்டைப்பயறு. சாப்பிட்டு முடித்து, இந்த ஆண்டு மதுரை ஓட்டத்துக்கான படிவத்தைக் கைப்பேசியில் திறந்தாள். நாற்பத்திரண்டு கிலோமீட்டர். அவசரத்துக்கு யாரை அழைக்க வேண்டும் என்ற கட்டம் வந்ததும் கருப்பசாமி கைப்பேசியை வாங்கி, ஒவ்வொரு எண்ணாகத் தன் நம்பரை அழுத்தினார். அழுத்திவிட்டு, சரிதானா என்று ஒருமுறை படித்தும் பார்த்துக்கொண்டார்.

பன்னிரண்டு இருபதுக்கு மதுரைப் பேருந்து. ஜன்னலோர இடம் கிடைத்தது. எட்டு வருடமாக அந்த அவசர எண் கட்டத்தில் நான் அலுவலகத் தோழியின் எண்ணைத்தான் எழுதி வருகிறேன். நான் எவ்வளவு தூரம் ஓடுகிறேன் என்று என் வீட்டில் யாருக்கும் தெரியாது; நானும் சொன்னதில்லை. திருமங்கலம் தாண்டும்போது என் கணவரை அழைத்தேன். இருபத்தெட்டு கிலோமீட்டர் என்று ஆரம்பித்தேன். “எங்கே?” என்றார். மதுரை வரும்வரை சொல்லிக்கொண்டே வந்தேன்.