இரண்டு இருமல்

தையல்கடை வாசலில் வந்து நின்று இரண்டு முறை இருமுவாள். 'காசு கொடுங்க' என்ற சொல் அவள் வாயிலிருந்து ஒரு நாளும் வந்ததில்லை. கை நீட்டினால் யாசகம் மாதிரி இருக்கும், இருமினால் கௌரவம் என்பது அவள் கட்சி. ஒரு மழைக்காலத்தில் நிஜமாகவே சளி பிடித்து அவள் கடைத்தெருவில் நடந்தபோது, அன்றைக்குப் பணம் கட்டி முடித்தவர்கள்கூடத் தங்களையறியாமல் சட்டைப்பையைத் தடவிப் பார்த்துக்கொண்டார்கள்.

வங்கிக்கு நாள் சேமிப்பு வசூலிப்பது அவள் வேலை. கடை கடையாக ஏறி இறங்கி, நோட்டும் சில்லறையுமாக வாங்கிப் பையில் போட்டு, கையடக்க இயந்திரத்தில் ரசீது கிழித்துக் கொடுத்து, மாலையில் வங்கியில் கட்ட வேண்டும். இந்தச் சுற்றுக்கு 'லைன்' என்று பெயர். வசூலில் நூற்றுக்கு இவ்வளவு என்று கமிஷன், சம்பளம் கிடையாது. தெருவில் அவள் பெயரே 'பேங்க்' தான். "பேங்க் வருது, கல்லாவைத் தொற" என்பார்கள். வீட்டிலும் அதே கதி. பழுதான மின்விசிறிக்குக் காயில் கம்பி சுற்றித் தரும் அவள் கணவன், அவள் வாசலில் செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டதும், "பேங்க் சாத்தியாச்சா?" என்றுதான் விசாரிப்பான்.

அவரவர் பணத்தை அவரவருக்கே சேர்த்துவைக்க வருகிறவளைக் கண்டு, கடன் கொடுத்தவளைக் கண்டதுபோல ஒளிகிறார்கள். சலூன்காரர் தன் முகத்திலேயே நுரையைப் பூசிக்கொண்டு வாடிக்கையாளராகிவிடுவார். தையல்காரர் வாய் நிறையக் குண்டூசிகளைக் கவ்விக்கொண்டு, பேச முடியாதென்று கையால் சொல்வார். இவள் நகரமாட்டாள்.

"முழுங்கிடாதீங்கண்ணே. அப்புறம் கணக்கை முடிக்க நாமினியைத் தேடணும்."

ஊசிகள் ஒவ்வொன்றாக வெளியே வரும். கடைசியில் நோட்டும் வரும்.

வங்கிக்குள் மட்டும் அவளுக்கு நாற்காலி இல்லை. வாடிக்கையாளர்களுக்கான நாற்காலியின் நுனியில் ஒட்டிக்கொண்டிருப்பாள். யாராவது உள்ளே நுழைந்தால் எழுந்துவிடுவாள். ஆண்டு விழாவில் ஊழியர்கள் எல்லோரும் சேர்ந்து படம் எடுத்துக்கொள்ளும்போது செல்போன் அவள் கைக்கு வரும். ஒரு வருடம் அவள் எடுத்த படத்தில் மேலாளருக்குத் தலை இல்லை. வேண்டுமென்று செய்யவில்லை என்று சாதிக்கிறாள்.

மேலாளர் கெட்டவர் அல்ல. தினமும் பத்தரை மணிக்குக் கண்ணாடி அறையிலிருந்து தலையை நீட்டி, "இன்னும் லைனுக்குக் கிளம்பலையாம்மா?" என்பார். மற்றவர்கள் வணக்கம் சொல்வதுபோல அவருக்கு அது. அவர் வாக்கியத்தை முடிப்பதற்குள் பை அவள் தோளில் ஏறியிருக்கும். பல வருடம் அப்படி ஏறி ஏறி அவளுடைய வலது தோளே சற்று இறங்கிவிட்டது. தையல்காரர் அவள் ரவிக்கைக்கு ஒரு பக்கம் மட்டும் தனி அளவு வைத்திருக்கிறார்.

போன வருடம் ரொட்டிக்கடைப் படியில் வழுக்கிவிட்டது. பையைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்தபடியே விழுந்தாள். பணம் ஒரு பைசா சிதறவில்லை, கணுக்கால்தான் சிதறியது. வங்கியிலிருந்து ஆள் வந்து பையை வாங்கி, எண்ணிப் பார்த்து, சரி என்றார். காலை யாரும் எண்ணவில்லை. சம்பளத்தோடு விடுப்பும் வைத்தியச் செலவும் கேட்டதற்கு, அவர் எங்கள் ஊழியர் அல்ல, தனக்குத்தானே முதலாளி என்று தலைமை அலுவலகத்திலிருந்து பதில் வந்தது.

கட்டுப் போட்ட காலைத் தலையணை மேல் வைத்துக்கொண்டு, பார்க்க வந்தவர்களிடமெல்லாம் அந்த முதலாளியைத் திட்டித் தீர்த்தாள்.

"படுபாவிப் பொம்பளை. கால் ஒடைஞ்சும் ஒரு நாள் லீவு தரல. அவ குணம் எனக்குத் தெரியாதா? தினம் என் தட்டுலதான சாப்பிடறா."

கணவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். அவள் தொழிலாளர் அலுவலகத்தில் மனுக் கொடுக்கப் போவதாகச் சொன்னதும் சிரிப்பு நின்றுவிட்டது.

"உள்ளதும் போச்சுடா நொள்ளைக்கண்ணான்னு ஆயிடப் போகுது. இருக்கிற கமிஷனையும் நிறுத்திட்டா?"

"நிறுத்தினா நிறுத்தட்டும். இத்தனை வருஷமா நான் யாரோட ஆளுன்னு ஒருத்தராவது சொல்லட்டும்."

கால் தேறி, மறுபடி லைனுக்குப் போக ஆரம்பித்த பிறகுதான் விசாரணைக்கு அழைப்பு வந்தது. முடிந்ததும் நேரே தெருவுக்குப் போகலாமென்று பையோடே போயிருந்தாள். அறையில் எல்லோருக்கும் நாற்காலி இருந்தது. அவள் நின்றுகொண்டே இருந்ததால், விசாரணை அதிகாரியான அம்மாள் இரண்டு தடவை உட்காரச் சொல்ல வேண்டியதாயிற்று. மேலாளருக்குப் பக்கத்து நாற்காலிதான் காலியாக இருந்தது. நுனியில் உட்கார்ந்தாள்.

சாட்சி சொல்லத் தையல்காரர் கடையைப் பூட்டிவிட்டு, வாயில் ஊசியில்லாமல் வந்திருந்தார். அந்த வங்கி எங்கே இருக்கிறதென்று தெரியுமா என்று வங்கியின் வக்கீல் மடக்கினார். "எனக்கெதுக்குங்க அது? பேங்க்தான் தினம் கடைக்கு வருதே" என்றார் தையல்காரர்.

வக்கீல் புன்னகையோடு விஷயத்துக்கு வந்தார். வா, போ என்று உத்தரவிடுகிறவர்தான் சட்டப்படி முதலாளி. இந்த அம்மாளை அப்படி யாரும் ஏவுவதில்லை. நினைத்தால் வருவார், நினைத்தால் போவார், சுதந்திரப் பறவை. உத்தரவே இல்லாத இடத்தில் ஊழியர் எங்கிருந்து வந்தார்? வழக்கு இந்த ஒரு கேள்வியில்தான் நிற்கிறது என்று அதிகாரியும் ஒப்புக்கொண்டு மேலாளரைப் பார்த்தார்.

"நாங்க ஒண்ணுமே சொல்றதில்லைங்க மேடம். எல்லாம் அவங்க இஷ்டம்."

இவள் ஊரெல்லாம் ரசீது கிழித்துக் கொடுத்தவள்தான்; வாயால் போட்ட உத்தரவுக்கு ரசீது ஏது? அதிகாரி தலையைக் குனிந்து எழுதத் தொடங்கினார். அறையில் பேனாச் சத்தம் மட்டும் கேட்டது. வேறு வேலையில்லாத மேலாளர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மணி பத்தரை. பக்கத்து நாற்காலியைப் பார்த்தார்.

"இன்னும் லைனுக்குக் கிளம்பலையாம்மா?"

பழக்கதோஷம், அவளும் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு எழுந்துவிட்டாள்.

வக்கீல் கண்களை மூடிக்கொண்டார். அதிகாரியின் பேனா நின்றது; பிறகு முன்னைவிட வேகமாக ஓடியது. இரண்டு அடி நடந்தபிறகுதான் அவளுக்கு உறைத்தது. திரும்பி வந்தாள். பையைக் கழற்றி மேசைமேல் வைத்தாள். நாற்காலியில் நன்றாகப் பின்னுக்குச் சாய்ந்து உட்கார்ந்து, மேலாளரைப் பார்த்து இரண்டு முறை இருமினாள்.